எங்கொடம் என்ன பாவம் பண்ணுச்சு

மே 4, திங்கள்

காலையில் சிலிண்டர் தீர்ந்துவிட்டது. புதிதுக்குப் பதிந்திருக்கிறேன். என் கணவர் கிளாட்வின் வெளியே ஒரு கடையில் இட்லி சாப்பிட்டுவிட்டுத் துறைமுகத்துக்கு வேலைக்குப் போனார். நான் ஒன்றும் சாப்பிடாமல் பெருங்குடி ஆபீசுக்குப் போனேன்.

வேலையைப் பற்றி வெளியே யாரிடமும் மூச்சு விடக் கூடாது என்று சேர்ந்த அன்றே கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள். கணவனிடம்கூடச் சொல்லக் கூடாது. டைரி எழுதக் கூடாது என்று அந்தத் தாளில் இல்லை.

வேலை இதுதான். ஜனங்கள் போடும் தமிழ் வீடியோக்களையும் அவற்றின் கீழே எழுதும் கமெண்டுகளையும் பார்த்து, ‘இருக்கட்டும்’ அல்லது ‘எடு’ என்று ஒரு பொத்தானை அழுத்த வேண்டும். யாராவது புகார் கொடுத்தவை மட்டும் எங்களிடம் வரும். பக்கத்து நாற்காலி மெஹருன்னிசா, ஆம்பூர்ப் பெண். எங்கள் இருவருக்கும் மேலே நிரஞ்சன்.

இன்று வந்ததில் ஒன்று, ராமநாதபுரம் மாவட்டத்து ஊர். தண்ணீர் லாரி நிற்கிறது. ஒரு பெண், என்னைவிட இரண்டு மூன்று வயது மூத்தவளாக இருப்பாள், யாரோ நீட்டிய மைக்கைப் பார்த்து அழுதுகொண்டே பேசுகிறாள். “காலையில இருந்து நிக்கிறேன் சார். என் கொடத்த வெளிய தள்ளிப்புட்டாக. எங்கொடம் என்ன பாவம் பண்ணுச்சு? எங்கொடம் என்ன பாவம் பண்ணுச்சு சார்?” இரண்டாவது தடவை சொல்லும்போது குரல் உடைந்து கீச்சென்று மேலே போகிறது. அந்த இடத்தை மட்டும் வெட்டி, திரும்பத் திரும்ப ஓடவிட்டு, மேளச் சத்தம் சேர்த்திருக்கிறார்கள். மெஹரு சிரித்தாள். எனக்கும் சிரிப்பு வந்தது.

விதிமீறல் இல்லை. இருக்கட்டும்.

மே 6, புதன்

அந்தக் ‘கொடம்’ எல்லா இடத்திலும் வருகிறது. காதலி விட்டுப்போன பையனின் படத்துக்குக் கீழே ‘சரியான கொடம்’. மேட்சில் தோற்ற அணிக்குக் கீழே ‘கொடம் ரொம்பிருச்சு’. பரீட்சை கஷ்டம் என்ற பிள்ளைக்கு ‘கொடமாட்டம் அழுவாத’.

மதியம் நிரஞ்சன் வந்தார். புதுசாகக் கிளம்பும் சொற்களுக்கு அர்த்தம் எழுதித் தருவது என் பொறுப்பு. எம்.ஏ. தமிழ் படித்த ஒரே ஆள் நான் என்பதால் வந்த பொறுப்பு. தமிழ் தெரியாத தலைமை அலுவலகம் அந்த அர்த்தத்தை வைத்துத்தான் மெஷினுக்குச் சொல்லிக்கொடுக்கிறது. போன மாதம் ‘உருட்டு’ எழுதினேன். அதற்கு முன்னால் ‘சம்பவம்’. ‘மரண மாஸ்’ என்றால் யாரும் சாகவில்லை, ‘கொலப்பசி’ என்றால் கொலை இல்லை, ‘செத்தான்டா’ என்றால் தோற்றான் என்றுதான் அர்த்தம் என்று பாடுபட்டுப் புரியவைத்தேன்.

இன்று எழுதியது: “குடம். நீர் எடுக்கும் பாத்திரம். தற்போது, சிறு விஷயத்துக்கும் அழுகிறவரைக் கேலி செய்யும் சொல். தீங்கற்றது.”

“சூப்பர், பிரிசில்லா” என்றார் நிரஞ்சன். சாயங்காலமே மெஷினில் ஏறிவிட்டது.

சிலிண்டர் வந்துவிட்டது.

மே 8, வெள்ளி

அம்மா தூத்துக்குடியிலிருந்து பேசினாள். பிரஷர் மாத்திரையை அவளாகவே நிறுத்தியிருக்கிறாள். போனை வைத்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தேன். கிளாட்வின் சமையலறைக்குள் எட்டிப் பார்த்துச் சிரித்தார்.

“என்னட்டி, கொடம் ரொம்பிருச்சா?”

கை அப்படியே நின்றது. “இத எங்க படிச்சீங்க?”

“ஆபீஸ் குரூப்புல எல்லாரும் இதான் சொல்லுதானுவ. ஒரு பொம்பள தண்ணிக்கு நின்னு அழுவா பாரு, நீ பாக்கலையா?”

பார்க்கவில்லை என்றேன்.

மே 11, திங்கள்

பால்குட ஊர்வலப் படங்களுக்குக் கீழே அசிங்கம். இடுப்பில் குடம் வைத்த பெண்களின் படங்களாகத் தேடிப் பிடித்து ஒட்டுகிறார்கள். அழுகிற ஆளைக் கேலி செய்வதெல்லாம் போன வாரத்தோடு முடிந்துவிட்டது. இன்று அந்தச் சொல்லுக்கு உடம்பு முளைத்திருக்கிறது.

பிறகு ‘காலனிக் கொடம்’ வந்தது. இது என்ன என்று தேடிப் போனபோதுதான் வெட்டாத வீடியோ கிடைத்தது. அந்தப் பெண் அதில் முழுதாகப் பேசுகிறாள். லாரி மேலத்தெரு முக்கில் நிற்குமாம். அந்தத் தெருக்காரர்கள் பிடித்து முடித்த பிறகுதான் காலனிக்காரர்கள் பிடிக்க வேண்டுமாம். அதற்குள் தண்ணீர் தீர்ந்துவிடுமாம். அன்றைக்கு இவள் தன் குடத்தை வரிசையின் நடுவில் வைத்திருக்கிறாள். ஒருவன் அதைக் காலால் நெம்பி, கையால் தொடாமல், சாக்கடைப் பக்கம் தள்ளியிருக்கிறான்.

சிரிப்பதற்காக வெட்டிய துண்டில் இது எதுவும் இல்லை.

பெயர் இருளாயி. ஊர் நரிக்கண்மாய். இரண்டையும் கமெண்டு போடுகிறவர்களே எழுதிவிட்டார்கள்.

மே 13, புதன்

நிரஞ்சனிடம் கேட்டேன். “அந்த அர்த்தத்த மாத்தணும் சார்.”

“எழுதி ஒரு வாரம்தானே ஆச்சு?”

“ஒரு வாரத்துல அது வேற சொல்லாயிருச்சு. இப்ப அது ஒரு சாதிய, ஒரு பொம்பளைய, அதுலயும் ஒரே ஒரு ஆளக் குறிக்குது.”

“எனக்குப் புரியுது, பிரிசில்லா. ஆனா ப்ராசஸ்னு ஒண்ணு இருக்கு இல்ல? உதாரணம் நிறைய சேத்து அனுப்புங்க. மாசக் கடைசி மீட்டிங்ல வைக்கிறேன். அதுவரைக்கும் உங்க டெஃபனிஷன்தான் ரூல்.”

உங்க டெஃபனிஷன். அந்த இரண்டு வார்த்தையை பஸ்ஸில் வீடு வரைக்கும் சுமந்துகொண்டு வந்தேன்.

உதடு உரிகிறது. தேங்காய் எண்ணெய் தடவினேன்.

மே 15, வெள்ளி

இன்று முதல் தடவையாக: ‘கொடத்த உடைக்கணும்.’

மெஹரு என்னைப் பார்த்தாள். “இது என்னக்கா? உறியடியில பானை உடைப்பாங்களே, அதுவா?”

பிணத்துக்குப் பானை உடைக்கிற வழக்கம் மெஹரு வீட்டில் இல்லை. எங்கள் வீட்டிலும் இல்லை. கல்லூரியில் என்னோடு படித்தவளின் அப்பா இறந்தபோது சுடுகாட்டு வாசல் வரைக்கும் போயிருந்தேன். கொள்ளி வைக்கிற மகன் தோளில் தண்ணீர்ப் பானையோடு பிணத்தைச் சுற்றி வருவான். ஒவ்வொரு சுற்றுக்கும் ஒருவர் அதில் ஓட்டை போடுவார். மூன்று ஓட்டை, மூன்று சுற்று. பிறகு திரும்பிப் பார்க்காமல் பானையைப் பின்னால் போட்டு உடைப்பான்.

மெஹருவிடம் சொன்னேன். அவள் கையை மேசையிலிருந்து எடுத்துக்கொண்டாள்.

‘கொலைமிரட்டல்’ என்று குறித்து எடுத்தேன். இரண்டு மணி நேரத்தில் தரக்கட்டுப்பாட்டிலிருந்து திரும்பி வந்துவிட்டது. “தவறான முடிவு. சொல் தீங்கற்றது எனப் பட்டியலில் உள்ளது. பாத்திரத்தை உடைப்பது வன்முறை ஆகாது.” அந்த கமெண்டு மறுபடி மேலே ஏறிவிட்டது.

கொலை, மரணம், சாவு என்று வருவதையெல்லாம் விளையாட்டு என்று இந்த மெஷினுக்குச் சொல்லிக்கொடுத்தவள் நான்தான். தண்ணீர்ப் பாத்திரத்தில் சாவு இருக்கிறது என்று இப்போது சொன்னால் அது எப்படி நம்பும்?

மே 16, சனி

சனிக்கிழமை ஷிப்ட். மறுபடி அதே வகைக் கமெண்டுகள். ஒன்றில், ‘கொடத்துக்கு ஒரு கல்யாணம் பண்ணி வைங்கடே, அழுகை நிக்கும்’ என்று இருந்தது. போட்டவனின் படத்தில் முகம் தெரியவில்லை. பனிமய மாதா கோயில் முன்னால் முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறான். நீலக் கட்டம் போட்ட சட்டை. அந்த மாதிரிச் சட்டை எத்தனையோ பேரிடம் இருக்கும்.

பெயரைப் பார்க்காமல் அடுத்ததுக்குப் போனேன்.

மே 17, ஞாயிறு

பூசைக்குப் போகவில்லை, தலைவலி. துணிகளைத் தேய்த்தேன். கிளாட்வின் நாளைக்கு நீலக் கட்டச் சட்டை வேண்டும் என்றார். தேய்த்து மடித்து வைத்தேன்.

மே 18, திங்கள்

ஒரு படம் வந்தது. ஓட்டு வீட்டு வாசல், பச்சைக் கதவு. படியில் ஒரு புது மண்பானை. பானையின் வயிற்றில் வரிசையாக மூன்று ஓட்டை. படத்தின் மேல் எழுதியிருந்தது: ‘கொடம் ரெடி. உடைக்கிற தேதி பொறவு.’

போட்டவன் பெயர் ‘மேலத்தெரு சிங்கக்குட்டி’. ‘கொடத்த உடைக்கணும்’ என்று வெள்ளிக்கிழமை ஆரம்பித்தவனும் அவன்தான்.

இவன் அவள் வீட்டு வாசல்வரை போயிருக்கிறான்.

உயிராபத்து என்று மேலிடத்துக்கு நேரடியாக அனுப்பும் சிவப்புப் பொத்தானை அழுத்தினேன். மூன்று ஓட்டைக்கு என்ன அர்த்தம் என்று நீளமாக எழுதினேன். நாலு மணிக்குப் பதில் வந்தது. “சேதமடைந்த பாத்திரத்தின் படம். நபர் யாரும் இல்லை. விதிமீறல் இல்லை.”

கழிப்பறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு நின்றேன். மெஹரு வந்து குழாயை மூடினாள். “போதும்கா, தண்ணி வீணாப் போவுது” என்றாள்.

மே 19, செவ்வாய்

சாப்பாட்டு நேரத்தில் தெருவுக்கு வந்து, நரிக்கண்மாய்க்குப் பக்கத்துப் போலீஸ் ஸ்டேஷனுக்குப் பேசினேன். எஸ்.ஐ. ஒரு பெண், மாரீஸ்வரி என்று சொன்னார்.

“நீங்க யாரும்மா?”

“பேரு வேண்டாம் மேடம். நரிக்கண்மாயில இருளாயின்னு ஒருத்தங்கள மிரட்டுறாங்க. கொடத்த உடைப்போம்னு எழுதுறாங்க.”

“யாரு கொடத்த?”

“அவங்களத்தான் மேடம் கொடம்னு சொல்றாங்க.”

“ஏம்மா, கொடத்த உடைப்பேன்னா கொடத்தத்தான உடைப்பான்? தண்ணித் தகராறு இந்தப் பக்கம் தினமும் இருக்கு. அந்தம்மா வந்து புகார் குடுத்தா பாப்போம்.”

போனை வைத்துவிட்டார். சொல்லில் இருப்பதைச் சொல்லால் அவருக்குப் புரியவைக்க என்னால் முடியவில்லை.

மே 20, புதன்

கதவைப் பூட்டினேனா என்று பாதி வழியில் இறங்கித் திரும்பி வந்தேன். பூட்டித்தான் இருந்தது. ஷிப்டுக்குத் தாமதம்.

மே 21, வியாழன்

அக்காவின் மகளுக்கு ஞாயிற்றுக்கிழமை புதுநன்மை, முதல் நற்கருணை வாங்குகிறாள். தூத்துக்குடிக்குப் போகத்தான் வேண்டும். கிளாட்வினுக்கு லீவு இல்லை. ஒரு நாள் முந்தியே போகிறேன் என்றேன். “ஏன், சேலை எடுக்கவா?” என்றார். ஆமாம் என்றேன்.

ராமநாதபுரத்தில் இறங்கி, கடற்கரைச் சாலை பஸ் பிடித்தால் சாயல்குடி வழியாகத்தான் தூத்துக்குடிக்குப் போக வேண்டும். நரிக்கண்மாய் சாயல்குடிக்குப் பக்கத்தில்தான். இதை அவரிடம் சொல்லவில்லை.

மே 23, சனி

நடந்ததை நடந்தபடி எழுதிவிடுகிறேன். அம்மா வீட்டில் எல்லோரும் நாளைய சமையலுக்கு வெங்காயம் உரித்துக்கொண்டிருக்கிறார்கள். எனக்குத் தலைவலி என்று சொல்லியிருக்கிறேன்.

சாயல்குடிக்கு முன்னாலேயே இறங்கி ஒரு ஷேர் ஆட்டோவில் ஏறினேன். நரிக்கண்மாய் என்றதும் டிரைவர் கேட்டான். “கொட வீட்டுக்கா?” என் முகத்தைப் பார்த்துவிட்டு ரோட்டுப் பக்கம் திரும்பிக்கொண்டான். காலனி முனையில் இறக்கிவிட்டான்.

பச்சைக் கதவைப் படத்தில் பார்த்திருந்ததால் யாரிடமும் வழி கேட்கவில்லை. வாசலில் அவள் கருவேல விறகு வெட்டிக்கொண்டிருந்தாள். நேரில் ஒல்லியாக, உயரமாக இருந்தாள். நான் கிட்டே போனதும் அரிவாளைக் கீழே வைக்காமலே நிமிர்ந்தாள்.

“யாரு? பேப்பரா?”

“இல்லக்கா. மெட்ராஸ்ல இருந்து வாரேன். உங்க வீடியோ இருக்குல்ல, அந்த மாதிரி வீடியோவ எல்லாம் பாத்து, இருக்கணுமா எடுக்கணுமான்னு முடிவு பண்ற வேல எனக்கு.”

அவளுக்கு அது விளங்கக் கொஞ்ச நேரம் ஆயிற்று. விளங்கியதும் அரிவாளைக் கட்டையில் கொத்தி நிறுத்தினாள்.

“அப்ப அதப் பாத்துட்டு, இருக்கட்டும்னு விட்டது நீங்கதானா?”

“ஆமாக்கா.”

அடுத்து என்னைத் திட்டுவாள் என்று நினைத்தேன். உள்ளே போய் ஒரு சொம்பு தண்ணீர் கொண்டுவந்து நீட்டினாள். அந்த ஊரில் தண்ணீர் என்றால் என்ன என்று எனக்குத் தெரியும். தெரிந்ததால் முழுவதும் குடித்தேன்.

“என்னைய என்ன கூப்புடுறாகன்னு எனக்குத் தெரியும் மேடம். எங்கிட்டப் போன் இல்ல. ஆனா தெருவுல காது இருக்கே. ரேசன் கடையில கொடம். பஸ்ஸுல கொடம். எம்மக பள்ளிக்கூடத்துல கொடத்து மக. இருளாயின்னு ஒருத்தி இருந்தாங்கிறதே எல்லாருக்கும் மறந்துபோச்சு.”

“அந்த வீடியோவ எடுக்கச் சொல்லி நீங்களே ஒரு புகார் குடுத்தா...”

“எடுக்கவா?” சட்டென்று குரல் ஏறியது. “எதுக்கு எடுக்கணும்? அதப் பாத்துட்டுத்தான கலெக்டர் ஆபீஸ்ல இருந்து ஆளு வந்தாக? இப்ப லாரி நேரா காலனிக்குள்ள வருது. நாங்க பொழுது விடியவே புடிச்சிடுறோம். அத எடுத்துட்டா நாங்க அழுததே பொய்யிம்பாக. வீடியோ இருக்கட்டும்.” பிறகு கொஞ்சம் தணிந்து கேட்டாள். “அந்தச் சொல்ல மட்டும் எடுக்க முடியுமா?”

நான் எம்.ஏ. தமிழ். “முடியாதுக்கா” என்றேன். “அது இப்ப எல்லார் வாயிலயும் இருக்கு.”

தலையை ஆட்டினாள். அது அவளுக்கு முன்பே தெரியும்போல இருந்தது.

பானையைப் பற்றிக் கேட்டேன். வீட்டுக்குப் பின்னால் கூட்டிப் போனாள். கோழிக்கூண்டுக்கு மேலே சாக்குப் போட்டு மூடி வைத்திருந்தாள். மூன்று ஓட்டையும் பார்த்தேன். ஆணியால் கவனமாகத் தட்டியிருக்கிறார்கள். விரிசல்கூட இல்லை.

“தூக்கி எறிய மனசு வரல. உடைச்சா நானே எனக்கு உடைச்ச மாதிரி ஆயிடுமே” என்றாள். சாக்கை மறுபடி இழுத்து மூடினாள். “ராத்திரி மகளப் பக்கத்துல போட்டுக்கிட்டு கதவுக்கு அம்மிக்கல்ல முட்டுக் குடுத்துப் படுக்கிறோம். அவுக அப்பா திருப்பூர்ல இருக்காரு. சொன்னா வேலைய விட்டுட்டு வந்து வெட்டுக் குத்துன்னு ஆயிடும். அதான் சொல்லல.”

“ஸ்டேஷனுக்குப் போவோம்க்கா. பானையோட போவோம்.”

“நீங்க வருவீகளா?”

வருகிறேன் என்று என் வாய்தான் சொன்னது. வேலை, கையெழுத்து எல்லாம் அதற்குப் பிறகுதான் நினைவுக்கு வந்தது.

ஸ்டேஷனில் எஸ்.ஐ. மாரீஸ்வரி எங்கள் இருவரையும் பெஞ்சில் உட்காரச் சொல்லிவிட்டு யாருடனோ போனில் பேசிக்கொண்டிருந்தார். இருளாயி சாக்கை அவிழ்த்துப் பானையை மேசைமேல் வைத்தாள். எஸ்.ஐ. ஓட்டைகளைப் பார்த்தார். “அப்புறம் பேசுறேன்” என்று போனை வைத்தார். நாற்காலியிலிருந்து எழுந்து நின்றார்.

“இத எங்கம்மா வச்சாங்க?”

“எங்க வாசப்படியில.”

“மொதல்ல இதக் கீழ எடுத்து வையி.” குரல் மாறியிருந்தது. பிறகு என்னைப் பார்த்தார். “செவ்வாய்க்கிழமை போன் பண்ணது நீங்களா? கொடம் கொடம்னீங்களே, இதுன்னு சொல்லக் கூடாதா?”

எல்லாவற்றையும் சொன்னேன். அந்தச் சொல் எந்த வாரம் எப்படி இருந்தது, யார் அதில் முதலில் உடைப்பதைச் சேர்த்தான், படத்தைப் போட்டவன் பெயர் என்ன. மேலத்தெரு சிங்கக்குட்டி என்றதும் வாசலில் நின்ற ஏட்டு, “அது நம்ம டிராக்டர்காரர் மகன்ல” என்றார்.

“அந்தம்மா புகார் மட்டும் இருந்தா, தண்ணிப் பான வச்சோம், வெளையாட்டுக்குச் சொன்னோம்னு வக்கீல் பேசிருவான்” என்றார் எஸ்.ஐ. “இந்தச் சொல்லுக்கு இப்ப இதான் அர்த்தம்னு நீங்க எழுதிக் குடுப்பீங்களா? பேரு, வேல பாக்குற இடம் எல்லாம் போட்டு?”

இருளாயி என்னைப் பார்க்கவில்லை. தரையில் இருந்த பானையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

எழுதிக் கொடுத்தேன். “இங்கே குடம் என்பது இருளாயி என்ற பெண்ணைக் குறிக்கும். குடத்தை உடைப்போம் என்பது அவளைக் கொல்வோம் என்று பொருள்படும்.” பட்டியலுக்கு எழுதியது நாலு வாக்கியம். இது இரண்டே வாக்கியம்.

மே 24, ஞாயிறு

புதுநன்மை நல்லபடியாக முடிந்தது. அக்கா மகள் வெள்ளைக் கவுனில் தேவதை மாதிரி இருந்தாள். அக்கா புருஷன் வீட்டுப் பையன் ஒருத்தன், பந்தியில் கேக் கிடைக்கவில்லை என்று அழுத குழந்தையைக் ‘கொடம்’ என்றான். எல்லோரும் சிரித்தார்கள். அந்தக் குழந்தையும் சிரித்தது.

சாப்பிட முடியவில்லை.

மே 27, புதன்

டிராக்டர்காரர் மகனையும் அவன் கூட்டாளியையும் பிடித்துவிட்டார்கள். காலனிப் பெண் ஒருத்தியின் போனிலிருந்து இருளாயி பேசினாள். “புடிச்சுட்டாக மேடம்” என்றாள். சந்தோஷமா என்று கேட்டேன். “இன்னைக்குத் தூங்குவேன். அவுக ஜாமீன்ல வந்த பொறவு என்னான்னு தெரியல” என்றாள்.

ஜூன் 2, செவ்வாய்

நிரஞ்சன் கண்ணாடி அறைக்குக் கூப்பிட்டார். மேசையில் நான் ஸ்டேஷனில் எழுதிக் கொடுத்ததன் நகல் இருந்தது. போலீஸ் கம்பெனிக்கு விவரம் கேட்டு அனுப்பியிருக்கிறார்கள்.

“ஏன் இப்படிப் பண்ணீங்க? மாசக் கடைசி மீட்டிங்ல வைக்கிறேன்னு சொன்னேனே.”

“வச்சீங்களா சார்?”

“அஜெண்டா ரொம்ப லென்த்தாயிடுச்சு.”

அன்றோடு வேலை போயிற்று. அவரும் மோசமானவர் இல்லை. என் சாமான்கள் வைத்த டப்பாவை அவரே லிஃப்ட் வரைக்கும் தூக்கிக்கொண்டு வந்தார். மெஹரு நாற்காலியை விட்டு எழுந்திருக்கவில்லை. எழுந்தால் அவளையும் கேட்பார்கள்.

கிளாட்வினிடம் தலைவலி என்று சொல்லிப் படுத்துவிட்டேன்.

ஜூன் 4, வியாழன்

இனி மறைக்க முடியாது. கிளாட்வின் வந்ததும் உட்காரவைத்து எல்லாவற்றையும் சொன்னேன். காபி ஆறிப்போனது. முடிந்த பிறகு டம்ளரைத் தள்ளி வைத்தார்.

“நானும் ஒண்ணு போட்டேன்.”

“தெரியும்.”

“தெரியுமா? எப்ப இருந்து?”

“உங்க சட்டையத் தேச்சேனே, அதுக்கு முந்தின நாள்ல இருந்து.”

“சும்மா ஒரு தமாசுக்குத்தான்ட்டி. எல்லாவனும் எழுதினானுவ. அந்தப் பொம்பளைக்கு ஒரு பேரு இருக்குங்கதே...” முடிக்கவில்லை. பிறகு கேட்டார், “நீ ஏன் எங்கிட்ட அன்னைக்கே கேக்கல?”

கேட்டிருந்தால் அது அவர் என்று ஆகியிருக்கும். இதை அவரிடம் சொல்லவில்லை.

ராத்திரி அவரே பாத்திரம் தேய்த்தார்.

ஜூன் 8, திங்கள்

மெஹரு வெளியிலிருந்து போன் செய்தாள். “உங்க சொல்ல மாத்திட்டாங்கக்கா. இப்போ ‘குடம்’னு வந்தாலே மெஷினே எடுத்துடுது. கொடம்னு எழுதினாலும், வாயில சொன்னாலும். காலையில இருந்து பால்குடம் வீடியோக்காரங்க எல்லாம் சண்டைக்கு வர்றாங்க.”

“அவங்க வீடியோ?”

“எது?”

“இருளாயி வீடியோ. அதுலயும் அந்தச் சொல் இருக்குல்ல.”

நான் தேடிப் பார்த்தேன். வெட்டியது, வெட்டாதது எல்லாம் போயிருந்தன. ‘இந்த உள்ளடக்கம் ஒருவரை இழிவுபடுத்துகிறது’ என்று ஒரு சாம்பல் நிறக் கட்டம் மட்டும் இருந்தது.

கேலி செய்தவர்கள் ‘சொம்பு’ என்று மாற்றிக்கொண்டார்களாம். ஒரு நாள்கூடப் பிடிக்கவில்லை.

ஜூன் 12, வெள்ளி

இருளாயி பேசினாள். “வீடியோவக் காணோமாம்ல மேடம்?”

“ஆமாக்கா. நாங்க... அவங்க எடுத்துட்டாங்க.”

“லாரி நேத்து உள்ள வரல. மேலத்தெரு முக்குலயே நின்னுடுச்சு. டிரைவரக் கேட்டா, மேல இருந்து ஆர்டர் ஒண்ணும் இல்லம்மாங்கிறான்.”

வீடியோ போனதால்தானா, டிராக்டர்காரர் ஆளைப் பிடித்ததாலா, எனக்குத் தெரியவில்லை. அவளுக்கும் தெரியவில்லை. என்ன செய்யப் போகிறீர்கள் என்று கேட்டேன்.

“என்ன செய்வேன்? மறுபடி பேசுவேன்.”

ஜூன் 14, ஞாயிறு

பூசை முடிந்து வெளியே வந்தபோது வாட்ஸப்பில் ஒரு வீடியோ வந்திருந்தது. காலனிப் பெண்ணின் போனிலிருந்து. கூடவே இருளாயியின் குரல் தனியாக.

“மேடம், புதுசாப் பேசியிருக்கேன். இன்னும் யாருக்கும் அனுப்பல. நீங்க மொதல்ல பாருங்க. இதுல எந்தச் சொல்லப் புடிச்சுக்குவாகன்னு உங்களுக்குத்தான் தெரியும். அதச் சொன்னீகன்னா அத விட்டுப்புட்டு மறுபடி பேசுறேன்.”

கோயில் வளாகத்து வேப்பமரத்தடி பெஞ்சில் உட்கார்ந்து பார்த்தேன். அவளோடு காலனிப் பெண்கள் ஏழெட்டுப் பேர். இந்தத் தடவை அவள் அழவில்லை. முகத்தை நேராக வைத்துக்கொண்டு பேசுகிறாள். “எம்பேரு இருளாயி. லாரி எங்க தெருவுக்கு வரணும். எங்க புள்ளைக குளிச்சு நாலு நாளாச்சு. நாங்களும் இந்த ஊருதான். எங்களுக்கும் தாகம் எடுக்கும்.”

முதல் தடவை பார்க்கும்போதே ‘தாகம்’ என்பதில் நின்றேன். அதைப் பிடித்துக்கொள்வார்கள். அதை எடுத்துவிடச் சொல்லலாம். மறுபடி ஓடவிட்டேன். ‘குளிச்சு நாலு நாளாச்சு.’ அதைத்தான் முதலில் பிடிப்பார்கள், நாற்றம் என்று ஆரம்பிப்பார்கள். அதையும் எடுக்கலாம். ‘லாரி.’ லாரிக்கு என்ன செய்வார்கள் என்று எனக்குத் தெரியும், ஏழு மாதம் அதைத்தானே பார்த்தேன். ‘எங்க தெரு.’ ‘எங்க புள்ளைக.’ கடைசியில் ‘இருளாயி’. அந்தப் பெயரிலேயே ஆரம்பித்துவிடுவார்கள். ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டே வந்தேன். எல்லாம் எடுத்த பிறகு பெண்கள் ஏழெட்டுப் பேர் வாயை மூடிக்கொண்டு நின்றார்கள்.

கிளாட்வின் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். காட்டினேன். முழுதாகப் பார்த்தார். “நல்லாத்தான் பேசியிருக்காவ” என்றார். போனைத் திருப்பித் தந்து, “பயமா இருக்கா?” என்றார்.

“ஆமா.”

“அவங்களுக்கு?”

அதைக் கேட்டுத்தான் சொல்ல வேண்டும். கூப்பிட்டேன். முதல் மணியிலேயே எடுத்தாள். போனைக் கையிலேயே வைத்துக்கொண்டு இருந்திருக்கிறாள்.

“பாத்தீகளா மேடம்? எந்தச் சொல்ல எடுக்கணும்?”

அந்தப் பக்கம் பெண்கள் பேச்சை நிறுத்தியது கேட்டது.

“ஒண்ணையும் எடுக்க வேண்டாம்க்கா” என்றேன். “அப்படியே போடுங்க.”